முதலும் கலையும்: பிராங்கோ கிறிஸ்டால்டியின் திரைப்பணி

ஒரு கோயிலைக் கட்டுவித்த மன்னனின் பெயரைக் கல்வெட்டு சொல்லும். கல்லைச் செதுக்கிய சிற்பியின் பெயரைப் பெரும்பாலும் சொல்லாது. திரைப்பட உலகிலோ இவ்வழக்கம் தலைகீழாக மாறிவிட்டது. டைரக்டரின் பெயர் நிலைக்கிறது. நடிகரின் முகம் நிலைக்கிறது. படத்தைக் கட்டுவித்தவரை யாரும் நினைப்பதில்லை. படமுதலாளி என்றால் பணப்பையும் சுருட்டுமாக நாற்காலியில் சாய்ந்திருப்பவர் என்றே பலரும் எண்ணுகின்றனர். அப்படிப்பட்டவர்களும் இருந்தார்கள், இருக்கிறார்கள். ஆயினும் எல்லோரையும் அந்தத் தட்டிலேயே நிறுத்துவது நீதியாகுமா?

இவ்வினாவை ஆராய்வதற்கு ஏற்ற ஒருவர் இத்தாலி நாட்டில் இருந்தார். அவர் பெயர் பிராங்கோ கிறிஸ்டால்டி. 1924இல் டூரின் நகரில் பிறந்து, 1992இல் மான்டி கார்லோவில் மறைந்தவர். விஸ்கோந்தி, மொனிச்செல்லி, ஜெர்மி, ரோசி, பெலினி, தொர்னதோரே ஆகிய டைரக்டர்களின் புகழ்பெற்ற படங்கள் பலவற்றில் தயாரிப்பாளர் பெயராக நிற்பது இவருடையதே. இத்தனை வேறுபட்ட கலைஞர்களுக்கு ஒரே மனிதர் முதல் போட்டிருக்கிறார் என்றால், அது தற்செயலா, அல்லது அதில் ஒரு நோக்கு இருந்ததா என்று கேட்பது திறனாய்வாளரின் கடமை.

கடன் வாங்கிக் கலை செய்தல்

1946இல், போர் முடிந்த மறு ஆண்டில், இருபத்திரண்டு வயதினரான கிறிஸ்டால்டி டூரினில் 'விடெஸ்' என்னும் நிறுவனத்தைத் தொடங்கினார். முதலில் குறும்படங்களையும் செய்திப் படங்களையுமே அது எடுத்தது. 1954இல் வெளிவந்த 'வழிதவறிய காவற்படை' அதன் முதல் முழுநீளக் கதைப்படங்களுள் ஒன்று. பின்னர்த் தொழில் ரோமாபுரிக்கு மாறியது.

'தனித் தயாரிப்பாளர்' என்பதன் பொருளை இங்கே விளக்க வேண்டும். அவருக்குச் சொந்தமாகப் படநிலையம் இல்லை. கொட்டகை வரிசை இல்லை. கையில் ஒரு கதையும் சில ஒப்பந்தங்களும் மட்டுமே இருக்கும். அவற்றைக் காட்டி, படத்தை விநியோகிக்கும் நிறுவனத்திடம் 'குறைந்த அளவு இவ்வளவு தருவோம்' என்ற உறுதியைப் பெறுவார். அந்த உறுதியை வைத்து உண்டியல் எழுதி வங்கியில் மாற்றிக்கொள்வார். 1949ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி, உள்நாட்டுப் படத்தின் கொட்டகை வசூலில் ஒரு பங்கை அரசாங்கம் திருப்பித் தந்தது. அதே ஆண்டில் ஏற்பட்ட கூட்டுத் தயாரிப்பு உடன்படிக்கையினால் பிரெஞ்சு நாட்டுப் பங்காளி ஒருவரும் கிடைப்பார். இத்தனை நூல்களையும் ஒன்றாக முறுக்கினால்தான் ஒரு கயிறு. அதில் ஒரு நூல் அறுந்தாலும் படம் நின்றுவிடும். உண்டியல் மட்டும் நிற்காமல் தவணை நாளில் வாசலுக்கு வந்து சேரும்.

இந்நிலையில் இருப்பவர் துணிவது எளிதன்று. ஆனால் கிறிஸ்டால்டி துணிந்தார். 1957இல் விஸ்கோந்தி 'வெள்ளை இரவுகள்' எடுத்தபோது, டைரக்டர், நடிகர் மாஸ்ட்ரோயான்னி, கதாசிரியை சூசோ செக்கி தமிகோ, தயாரிப்பாளர் கிறிஸ்டால்டி ஆகியோர் சேர்ந்து ஒரு கூட்டு நிறுவனம் அமைத்தனர். தாஸ்தாயெவ்ஸ்கியின் சிறுகதையை எடுத்துக்கொண்டு, ஒரு துறைமுக நகரின் தெருக்களையும் கால்வாயையும் சினெசித்தா படநிலையத்துக்குள்ளேயே கட்டினார்கள். மூடுபனிக்காக மெல்லிய வலைத்துணிகளைத் தொங்கவிட்டார்கள். வெனிஸ் விழாவில் அப்படம் வெள்ளிச் சிங்கம் பெற்றது. கலைஞரைக் கூலிக்காரராக அல்லாமல் பங்காளியாக நடத்தும் முறை அதில் இருந்தது. அம்முறையை அவர் எல்லோரிடமும் கைக்கொண்டாரா என்பதைப் பின்னர்ப் பார்ப்போம்.

சிரிப்பு ஈட்டிய செல்வம்

1958இல் மொனிச்செல்லி இயக்கிய 'வழக்கமான அடையாளம் தெரியாத பேர்வழிகள்' வெளிவந்தது. ரோமாபுரியின் புறநகர் ஏழைகள் சிலர் ஓர் அடகுக்கடையைக் கொள்ளையிடத் திட்டமிடுகிறார்கள். சுவரை இடிக்கிறார்கள், இடிந்தது வேறு சுவர். அடுக்களையில் இருந்த கொண்டைக்கடலை உணவைத் தின்றுவிட்டுக் கலைகிறார்கள். கதை இவ்வளவே. ஆனால் போருக்குப் பின் இத்தாலியப் படங்கள் கண்ணீரோடு காட்டிய வறுமையை, இப்படம் அந்த வறியவர்களின் மதிப்பைக் குறைக்காமல் சிரிப்போடு காட்டியது. சோக நாடக நடிகரென்று பெயர் வாங்கியிருந்த வித்தோரியோ காஸ்மனைத் திக்குவாய்க் குத்துச்சண்டைக்காரராக்கியது பெரிய சூதாட்டம். தயாரிப்பாளர் அதற்கு இசைந்தார், சூதாட்டம் பலித்தது.

மூன்று ஆண்டுகளுக்குப் பிறகு பியெத்ரோ ஜெர்மியின் 'இத்தாலிய முறை விவாகரத்து' வந்தது. அக்காலத்தில் இத்தாலியில் விவாகரத்துச் சட்டம் இல்லை. ஆனால் தண்டனைச் சட்டத்தின் 587ஆவது பிரிவு, குலமானத்தைக் காக்கக் கொலை செய்தவனுக்கு மூன்று முதல் ஏழு ஆண்டுச் சிறையே விதித்தது. மனைவியை விலக்க வழியில்லை; கொல்ல வழியுண்டு! சிசிலிப் பிரபு ஒருவன் இந்த இடுக்கில் நுழைந்து மறுமணம் செய்யத் திட்டமிடுவதே கதை. முதலில் இதை ஒரு துன்ப நாடகமாகவே எண்ணினார்கள். எழுத எழுத, சட்டத்தின் கேலிக்கூத்து தானாகவே சிரிப்பாயிற்று. 1963இல் வழங்கப்பட்ட ஆஸ்கார் பரிசுகளில் மூலத் திரைக்கதைக்கான பரிசு இப்படத்துக்குக் கிடைத்தது.

இத்தாலியில் விவாகரத்துச் சட்டம் 1970இல் வந்தது. 587ஆவது பிரிவு 1981இல்தான் நீங்கியது. படம் சட்டத்தை மாற்றியது என்று சொல்வது மிகை. மாற்றப்பட வேண்டிய சட்டம் ஒன்று உண்டென்பதை, மேடைப் பேச்சுக்குக் காது கொடுக்காத மக்களுக்கும் கொட்டகை இருட்டில் உணர்த்தியது என்று சொல்வது மிகையாகாது. தயாரிப்பாளர் இதில் செய்தது என்ன? சிரிப்பை மலிவாக விற்காமல் காத்ததுதான். கன்னத்தில் அறைந்து சிரிக்க வைக்கும் படங்கள் ஆண்டுதோறும் நூற்றுக்கணக்கில் வந்துகொண்டிருந்தன. எழுத்தாளர்களுக்கு நாள் கொடுத்து, திரைக்கதை பழுக்கும்வரை காத்திருந்தவர்கள் சிலரே.

மலைகளிடையே ஒரு சாட்சியம்

சிரிப்பில் வந்த பணத்தை அவர் எங்கே செலவிட்டார் என்று பார்த்தால்தான் மனிதர் விளங்குவார். பிரான்செஸ்கோ ரோசி தனியாக இயக்கிய முதற்படமான 'அறைகூவல்' 1958இல் கிறிஸ்டால்டியின் தயாரிப்பாக வந்தது. 1962இல் அதே கூட்டணி 'சல்வதோரே ஜூலியானோ' என்னும் படத்தை அளித்தது. சிசிலியின் கொள்ளைத் தலைவனான ஜூலியானோ 1950 ஜூலையில் கொல்லப்பட்டான். அதற்கு மூன்றாண்டுகளுக்கு முன், 1947 மே முதல் நாள், போர்தெல்லா தெல்லா ஜினெஸ்திரா என்னுமிடத்தில் தொழிலாளர் திருநாள் கொண்டாடிய உழவர்கள்மேல் அவன் கூட்டம் சுட்டதில் 11 பேர் மாண்டனர். சுடச் சொன்னவர் யார்? அவனைக் கொன்றவர் யார்? இவ்வினாக்களுக்கு அரசாங்கம் தந்த விடைகளை மக்கள் நம்பவில்லை.

ரோசி அதே மலைகளுக்குச் சென்றார். அவ்வூர் மக்களையே நடிக்க வைத்தார். தொழில்முறை நடிகர்கள் மிகச் சிலரே. தலைப்புக்குரிய ஜூலியானோவின் முகத்தைக்கூடப் படம் சரியாகக் காட்டுவதில்லை. பிணமாகக் கிடக்கும்போதுதான் அவனைப் பார்க்கிறோம். கதாநாயகன் இல்லை, காதல் இல்லை, முடிவான விடையும் இல்லை. வியாபாரக் கண்ணோடு பார்த்தால் இதைவிட மோசமான சரக்கு ஏது? ஆயினும் முதலாளி இதை மாற்றச் சொல்லவில்லை. பெர்லின் விழாவில் சிறந்த டைரக்டருக்கான பரிசு கிடைத்தது. அரசியலைத் திரையில் விசாரணை செய்யும் படங்களுக்கு உலகெங்கும் இதுவே முன்னோடி ஆயிற்று.

இக்கூட்டணி பத்தாண்டுகள் கழித்து 'மத்தேயி விவகாரம்' எடுத்தது. எண்ணெய்த் துறைத் தலைவர் என்ரிக்கோ மத்தேயி 1962இல் விமான விபத்தில் மாண்டது தற்செயலா, சதியா என்பதே பொருள். படத்துக்காகச் செய்தி திரட்டித் தர ஒப்புக்கொண்ட பத்திரிகையாளர் மௌரோ தெ மௌரோ 1970 செப்டம்பரில் பலெர்மோவில் கடத்தப்பட்டார், திரும்பி வரவேயில்லை. அதற்குப் பிறகும் படம் நிறுத்தப்படவில்லை. 1972இல் கான் விழாவின் தலைப்பரிசை வேறோர் இத்தாலியப் படத்தோடு பகிர்ந்துகொண்டது. பணத்தை இழக்கத் துணிவது ஒருவகை; உயிர்க்குத் தீங்கு வரும் வேளையிலும் எடுத்த வேலையை விடாதிருப்பது மற்றொரு வகை. இந்த இரண்டாவது துணிவைக் கணக்குப் புத்தகத்தில் எந்தப் பத்தியில் எழுதுவது?

புதியவர்களுக்கு வழி திறந்ததையும் இங்கே குறிக்க வேண்டும். எலியோ பெத்ரியின் முதற்படமான 'கொலைகாரன்' (1961), மார்க்கோ பெல்லோக்கியோவின் இரண்டாம் படமான 'சீனா அருகில் இருக்கிறது' (1967), மௌரிட்சியோ நிக்கெத்தியின் முதற்படமான 'ரத்தாதபிளான்' (1979) ஆகியவை இவர் தயாரிப்புகளே. வயது ஏற ஏறப் பழகிய பெயர்களையே நாடும் முதலாளிகள் மத்தியில், ஐம்பத்தைந்தாம் வயதிலும் ஒரு புதியவரை நம்பியது சாதாரணமன்று.

புகழ்ந்துகொண்டே போவதும் திறனாய்வாகாது. 1960இல் வெளிவந்த 'காப்போ' என்னும் படத்தின் தயாரிப்பாளர்களுள் இவரும் ஒருவர். நாஜி வதைமுகாமைப் பற்றிய அப்படத்தில், மின்வேலியில் பாய்ந்து இறக்கும் ஒரு பெண்ணின் உடலைக் கேமரா முன்னே நகர்ந்து அழகுபடக் காட்டுகிறது. பிரெஞ்சுத் திறனாய்வாளர் ஜாக் ரிவெத் 1961இல் அதை மிகக் கடுமையாகக் கண்டித்து எழுதினார். துயரத்தை அழகாக்குவது குற்றம் என்ற அவருடைய வாதம் இன்றும் பேசப்படுகிறது. டைரக்டர் பொந்தெகோர்வோ மீதே அக்கண்டனம் விழுந்தது. ஆனால் நல்ல படத்தின் புகழில் தயாரிப்பாளருக்குப் பங்கு கேட்கும் நாம், தவறின் பழியில் மட்டும் அவரை விடுவிப்பது முறையன்று.

மாதச் சம்பளத்து நட்சத்திரம்

இனி, முன்னே நிறுத்திவைத்த வினாவுக்கு வருவோம். கிறிஸ்டால்டி எல்லாக் கலைஞரையும் பங்காளியாக நடத்தினாரா?

துனீசியாவில் பிறந்து வளர்ந்த இத்தாலியப் பெண்ணான கிளாடியா கார்டினலே, அங்கே நடந்த அழகுப் போட்டியொன்றில் வென்று, 1957இல் வெனிஸ் விழாவுக்கு வந்தார். விரைவில் விடெஸ் நிறுவனத்தோடு பல ஆண்டு ஒப்பந்தம் செய்துகொண்டார். சிறு வேடத்தில் தொடங்கி, மூன்று நான்கு ஆண்டுகளில் ஐரோப்பாவின் முதல் வரிசை நடிகைகளுள் ஒருவரானார். நல்ல பாத்திரங்களைத் தேர்ந்தெடுத்துக் கொடுத்ததில் கிறிஸ்டால்டியின் கூர்மை ஐயமற்றது. பிற முதலாளிகளின் படங்களுக்கும் அவரை அனுப்பினார். 1963இல் விஸ்கோந்தியின் 'சிறுத்தை', பெலினியின் 'எட்டரை' ஆகிய இரண்டு பெரும் படங்களிலும் அவர் தோன்றினார்.

ஆனால் அந்த ஒப்பந்தத்தின் மறுபக்கத்தைக் கார்டினலே பிற்காலத்தில் தாமே வெளிப்படையாகச் சொன்னார். தாம் மாதச் சம்பளம் பெறும் ஊழியராகவே இருந்ததாகவும், கூந்தலை வெட்டுவதும் உடல் எடையும் கூட ஒப்பந்தத்துக்கு உட்பட்டிருந்ததாகவும், சொந்த வாழ்க்கையின் முக்கியமான செய்திகளை உலகுக்கு மறைக்க நேர்ந்ததாகவும் அவர் கூறியிருக்கிறார். 'எட்டரை' வரும்வரை இத்தாலியப் படங்களில் அவருக்கு அவருடைய குரல்கூட இல்லை. வேறு பெண்கள் குரல் கொடுத்தார்கள். 1966இல் இருவரும் அமெரிக்காவில் மணந்தனர். அம்மணம் இத்தாலியச் சட்டப்படி செல்லவில்லை. எழுபதுகளின் நடுவில் பிரிந்தனர்.

இங்கே ஒரு முரண்பாடு கண்ணை உறுத்துகிறது. 1963இல்தான் கிறிஸ்டால்டி, மொனிச்செல்லியைக் கொண்டு 'தோழர்கள்' என்னும் படத்தை எடுத்தார். பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில், தம் சொந்த ஊரான டூரினில் நெசவாலைத் தொழிலாளர்கள் பதினான்கு மணி வேலையை எதிர்த்துச் செய்த வேலைநிறுத்தமே கதை. மாஸ்ட்ரோயான்னி கந்தலாடைப் பேராசிரியராக வந்து அவர்களுக்கு உரிமையைக் கற்பிக்கிறார். உயர்ந்த படம், இத்தாலியில் பணம் தரவில்லை. அதைத் தாங்கிக்கொண்டார். திரையில் தொழிலாளரின் உரிமைக்காக நட்டப்பட்ட ஒருவர், அதே ஆண்டில் தம் அலுவலகத்தில் ஒரு கலைஞரின் கூந்தலையும் ஒப்பந்தத்தில் கட்டி வைத்திருந்தார்.

இதைக் காலத்தின் வழக்கம் என்று சொல்லித் தட்டிக்கழிக்கலாம். விஸ்கோந்தியோடு பங்கு வைத்துக் கொண்டவருக்கு வேறு வழக்கமும் தெரிந்தே இருந்தது. அது டைரக்டர்களுக்கும் புகழ்பெற்ற ஆடவர்களுக்கும் மட்டுமே உரியதாக இருந்தது என்பதுதான் குறை.

கடல் வற்றும் காலம்

அறுபதுகளின் நடுவில் இத்தாலியப் படத்தொழிலின் பெருங்கப்பல்கள் மூழ்கத் தொடங்கின. 'சோதோம் கொமோரா', 'சிறுத்தை' ஆகிய படங்களின் பெருஞ்செலவைத் தாங்காமல் தித்தானுஸ் நிறுவனம் படத் தயாரிப்பை நிறுத்தியது. சிறு படகில் சென்ற கிறிஸ்டால்டி தப்பினார். அவரும் ஒருமுறை பெருங்கப்பல் ஏறிப் பார்த்தார். வடதுருவத்தில் 1928இல் விழுந்த நொபிலேயின் வான்கப்பலைப் பற்றி, சோவியத் நாட்டோடு சேர்ந்து 1969இல் 'சிவப்புக் கூடாரம்' எடுத்தார். கலத்தோசோவ் இயக்கினார், ஷான் கானரி முதலிய நட்சத்திரங்கள் நடித்தார்கள். பனிவெளிக் காட்சிகள் அற்புதமானவை. ஆனால் பல நாட்டுப் பணம் ஒரே படத்தில் சேரும்போது, யாருடைய கதை என்பது மங்கிப் போகிறது என்பதற்கும் அதுவே சான்று.

பெலினியோடு சேர்ந்த 'அமர்கார்டு' (1973) வேறு வகை. டைரக்டரின் இளமைக்கால ஊரான ரிமினி முழுவதையும் படநிலையத்தில் கட்டி, கடலைக்கூடப் பிளாஸ்டிக் விரிப்பால் செய்தார்கள். செலவு மிகுந்தாலும் இது ஒரே மனத்தின் நினைவு. ஆகவே எல்லா நாட்டாருக்கும் புரிந்தது. 1975இல் சிறந்த அயல்மொழிப் படத்துக்கான ஆஸ்கார் கிடைத்தது.

அதன் பின் வந்தது வறட்சி. 1955இல் இத்தாலியில் 80 கோடிக்கு மேல் கொட்டகைச் சீட்டுகள் விற்றன. 1976இல் அரசியல் சாசன நீதிமன்றம் உள்ளூர்த் தனியார் ஒளிபரப்புக்கு வழிவிட்டபின், வீட்டுக்குள்ளேயே இரவு பகலாகப் படங்கள் ஓடின. 1985இல் சீட்டு விற்பனை 12 கோடி அளவுக்கு வந்துவிட்டது. பல தயாரிப்பாளர்கள் தொழிலை விட்டார்கள். கிறிஸ்டால்டி பழைய வழியையே இன்னும் விரிவாக்கினார். உம்பெர்த்தோ எக்கோவின் நாவலான 'ரோஜாவின் பெய'ரை 1986இல் ஜெர்மானிய, பிரெஞ்சுப் பங்காளிகளோடு படமாக்கினார். ரோமாபுரிக்கு வெளியே ஒரு குன்றின்மேல் மடாலயமே எழுந்தது.

கத்திரியின் நியாயம்

கடைசியாக, அவர் வாழ்வின் பொருளை எல்லாம் தன்னுள் அடக்கிய ஒரு படம். ஜுசெப்பே தொர்னதோரே என்னும் இளைஞரின் இரண்டாம் படமான 'சினிமா பாரதீசோ' 1988இல் வெளிவந்தது. சிசிலியின் சிற்றூர்க் கொட்டகையில் படம் ஓட்டும் அல்பிரெதோவும், அவரைச் சுற்றிவரும் சிறுவனும் கதையின் உயிர். இரண்டரை மணி நேரத்துக்கு மேல் ஓடிய அப்படத்தைப் பார்க்க இத்தாலியில் ஆளில்லை. கிறிஸ்டால்டி கைவிடவில்லை. படத்தைச் சுருக்க வேண்டுமென்றார், டைரக்டரும் இசைந்தார். வளர்ந்து பெரியவனான நாயகன் பழைய காதலியை மீண்டும் சந்திக்கும் பகுதி போயிற்று. ஏறக்குறைய இரண்டு மணி நேரமாகக் குறைந்த படம் 1989இல் கான் விழாவில் நடுவர் பெரும்பரிசையும், 1990இல் ஆஸ்காரையும் பெற்றது. இத்தாலியர் புறக்கணித்த படத்தை உலகம் கொண்டாடியது.

கத்திரி செய்தது சரியா? கிறிஸ்டால்டி மறைந்து பத்தாண்டுகள் கழித்து, 2002இல் 173 நிமிட நீளப்படம் அமெரிக்காவில் வெளியானபோது இவ்வினா மீண்டும் எழுந்தது. நீளப்படத்தில், காதலர் பிரிவதற்கு அல்பிரெதோவே காரணம் என்று தெரிகிறது. இளைஞன் ஊரை விட்டுப் போய் முன்னேற வேண்டும் என்பதற்காக அவன் காதலையே பலியிட்டவர் அவர். அன்பும் கொடுமையும் அங்கே ஒன்றாகின்றன. சுருங்கிய படத்தில் அவர் குற்றமற்ற பெரியவராகவே மறைகிறார். ஆகவே கத்திரி படத்தை இனிமையாக்கியது; அதே வேளையில் கசப்பான உண்மை ஒன்றை நம்மிடமிருந்து எடுத்துக்கொண்டது.

ஆயினும் மொத்தத்தில் சுருங்கிய படமே சிறந்தது என்பது நம் கருத்து. காரணம் இதுதான்: இழந்த காதலை நாயகன் திரும்பக் காணாதவரையில்தான், ஊர்ப் பாதிரியார் வெட்டிப்போட்ட முத்தக் காட்சிகளை ஒட்டிக் காட்டும் அந்த இறுதிக் கட்டத்துக்கு முழு வலிமை உண்டு. அவனுக்குக் கிட்டாதது அனைத்தும் அந்தத் துண்டுகளில் இருக்கிறது. காதலியை முன்னரே சந்தித்துப் பேசிவிட்டால், துண்டுகள் வெறும் துண்டுகளாகிவிடும். பாதிரியார் அச்சத்தால் வெட்டினார்; தயாரிப்பாளர் படம் பிழைக்க வேண்டுமென்று வெட்டினார். இரண்டும் கத்திரிதான் என்றாலும், ஒன்று படத்தைக் குறைத்தது, மற்றொன்று நிறைவாக்கியது.

தயாரிப்பாளர் என்பவர் யார் என்ற தொடக்க வினாவுக்கு இதிலிருந்தே விடை கிடைக்கிறது. கிறிஸ்டால்டி ஒரு காட்சியையும் இயக்கவில்லை. ஆனால் எந்தக் கதைக்கு நாள் கொடுப்பது, எந்தப் புதியவரை நம்புவது, எந்த நட்டத்தை ஏற்பது, எங்கே தலையிடுவது, எங்கே வாளாவிருப்பது என்று முடிவு செய்தவர் அவர். 'ஜூலியானோ'வில் கை வைக்காமலிருந்ததும், 'பாரதீசோ'வில் கை வைத்ததும் ஒரே அறிவின் இரு செயல்கள். அந்த அறிவைக் கலையறிவு என்று ஒப்புக்கொள்ளத் தயங்க வேண்டியதில்லை.

அந்த அறிவுக்கு எல்லையும் இருந்தது. பிறர் கதைகளில் நீதியைத் தேடியவர், தமக்குக் கீழ்ப்பட்ட ஒரு பெண்ணின் வாழ்க்கையில் அதை வழங்கத் தவறினார். அவர் படங்களைப் போற்றும்போது இக்குறையை மறைப்பது, அப்படங்கள் கற்பித்ததையே மறப்பதாகும். கட்டுவித்தவனின் பெயரைக் கல்லில் எழுதத்தான் வேண்டும். எழுதும்போது, கட்டிய கைகள் பெற்ற கூலி என்ன என்பதையும் அதே கல்லில் எழுதிவிடுவோம்.